புது ஷூ



அனந்தபுரத்தில் காலை நடைக்குப் போனால், காவலர் தேர்வுக்கு ஓடும் நம் பையன்களைப் பார்க்கலாம். 1500 மீட்டரை 7 நிமிடத்தில் ஓடணும். ஓடி முடித்து உட்கார்ந்தால் ஷூ கதைதான். ஒருவனுக்குப் போன தேர்வில் பாதியிலேயே சோல் வாயைப் பிளந்துவிட்டது. கழற்றி எறிந்துவிட்டு வெறுங்காலில் ஓடியும் சில விநாடியில் போச்சு. சிரித்துக்கொண்டேதான் சொன்னான்.

நான் கென்யாவின் கிப்சோகே கதையைச் சொன்னேன். 2015 பெர்லின் மாரத்தானில் சோதனை ஷூ போட்டு ஓடினார். உள்சோல் இரண்டு காலிலும் வெளியே வந்து படபடவென்று அடித்தது. கால் புண்ணாகியும் 2 மணி 4 நிமிடத்தில் முதலாவதாக வந்தார்.

"அவருக்கு 42 கிலோமீட்டர் இருந்துச்சு சார். எங்களுக்கு ஏழு நிமிஷம்தானே?" என்றான். என்ன சொல்வது!

பிள்ளைகளுக்கு ஷூ வாங்கித்தரும் சொந்தங்களே, தேர்வுக்கு ஒரு மாதம் முன்னாடியே வாங்கிக் கொடுத்துடுங்க.