பெயருக்கு முன்னால் ஒரு படம்

தமிழ் சினிமாவில் சில நடிகர்களுக்கு முதல் படமே இனிஷியலாகிவிடும். வெண்ணிற ஆடை மூர்த்தி, நிழல்கள் ரவி, தலைவாசல் விஜய். அந்த வரிசையில் வந்தவர் ‘பூ’ ராமு. பெயரைச் சொன்னால் பலருக்குத் தெரியாது. ‘சூரரைப் போற்று’ படத்துல சூர்யாவோட அப்பா என்றால், “அட, அவரா!” என்பார்கள்.

முற்போக்கு எழுத்தாளர் சங்கத்தின் வீதி நாடகங்களில் நடித்துக்கொண்டிருந்தவர். ச. தமிழ்ச்செல்வனின் ‘வெயிலோடு போய்’ சிறுகதையை 2008இல் சசி ‘பூ’ என்று படமாக்கியபோது சினிமாவுக்கு வந்தார். அதில் வண்டி இழுக்கும் அப்பா. பிள்ளை இன்ஜினியர் ஆகிவிட வேண்டும், அவ்வளவுதான் அவருக்கு. பிறகு ‘நீர்ப்பறவை’யில் அப்பா, ‘தங்கமீன்கள்’ படத்தில் அப்பாவும் தாத்தாவும், ‘சூரரைப் போற்று’வில் மனு எழுதியே ஊருக்கு நல்லது செய்துவிடலாம் என்று நம்புகிற வாத்தியார் அப்பா. ‘பரியேறும் பெருமாள்’ படத்தில் சட்டக்கல்லூரி முதல்வர். ஆனால் பரியனிடம் அவர் பேசுவது ஒரு அப்பாவின் பேச்சுதான்.

ஒரே மாதிரி வேடம் என்று சுலபமாகச் சொல்லிவிடலாம். கூர்ந்து பார்த்தால், பிள்ளைக்குப் பணம் கொடுக்க முடிந்த அப்பாவும் முடியாத அப்பாவும் நிற்கிற விதமே வேறு. ராமுவுக்கு அந்த வித்தியாசம் உடம்பிலேயே இருந்தது.

தென்காசியில் வீட்டிலிருந்தே வேலை பார்க்கிறேன். ஒருநாள் லேப்டாப்பில் ‘பூ’ ஓடிக்கொண்டிருந்தது. அரிசி மில்லில் மூட்டை தூக்கிய என் அப்பா பின்னால் வந்து நின்றார்.

“யாருல இது?”

“நடிகருப்பா.”

“பாரம் தூக்குனவன் முதுகுல்லா இது.”

முழுப் படத்தையும் பார்த்தார். ராத்திரி சாப்பிடும்போது அவராகவே சொன்னார்: “ஒன் மூணாவது வருச ஃபீஸுக்கு வயல ஒத்திக்கு வச்சோம்லா.”

எனக்குத் தெரியாது. யாரும் சொன்னதில்லை. “மீட்டாச்சாப்பா?” என்றேன்.

“ஒங்கம்மைகிட்ட கேளு” என்று எழுந்து கை கழுவப் போய்விட்டார். மீட்கவில்லை என்று அம்மா சொன்னாள்.

2022 ஜூன் 27இல் ராமு சென்னையில் காலமானார். ஜூன் கடைசி என்றால் இங்கே சாரல் காலம். குற்றாலத்துல தண்ணி விழுதா என்பதுதான் ஊரில் பேச்சு. அவர் நடித்த ‘நண்பகல் நேரத்து மயக்கம்’ அதற்குப் பிறகுதான் திரைக்கு வந்தது. ‘கிடா’ 2023 தீபாவளிக்கு வந்தது. பேரனுக்குத் தீபாவளித் துணி எடுக்கப் பணம் தேடி அலைகிற தாத்தா. 14 வருஷம் அடுத்தவர் கதையில் அப்பாவாக நின்றவருக்குத் தன் கதை என்று ஒரு படம் வந்தபோது, பார்க்க அவர் இல்லை.

வயலை அடுத்த தை மாதம் மீட்டோம். அப்பா ஒன்றும் சொல்லவில்லை. மறுநாள் விடிவதற்குள் மண்வெட்டியோடு கிளம்பிவிட்டார்.