ஏரியில்லா ஏரிக்கரை

2015-ஆம் ஆண்டு ஆடி மாதத்து ஞாயிறு ஒன்றில், முதியவர் ஒருவர் வழிகாட்ட, மாணவராகிய நாங்கள் நால்வரும் மேற்கு மாம்பலத்திலிருந்து கால்நடையாகப் புறப்பட்டோம். லேக் வியூ ரோடு என்னும் வீதியை அடைந்ததும், "ஏரி எங்கே, ஐயா?" என்று நகைத்தோம்.

"அதன் கரையிலேதான் நிற்கிறீர்கள், தம்பிகளே" என்றார் அவர். நுங்கம்பாக்கம் முதல் சைதாப்பேட்டை வரை நீண்டு கிடந்தது அவ்வேரி. சென்னைப் படகுக் கழகத்தார் ஒரு காலத்தில் அதிற் பந்தயம் நடத்தினர். 1923-ஆம் ஆண்டு முதல் அதன் நிலத்தில் தியாகராய நகர் எழலாயிற்று. தந்தையார் வாயிலாகக் கேட்ட இவற்றையெல்லாம் சொல்லிக்கொண்டே, தரை தாழும் இடந்தோறும் கைத்தடியால் தொட்டுக் காட்டினார். நாங்கள் அதனைக் கருத்திற் கொண்டிலோம்.

அவ்வாண்டு டிசம்பர் முதல் நாள் பெருமழை பெய்தது. மறுநாள் எங்களுள் ஒருவன் வீட்டில் இடுப்பளவு நீர். அவன் பாட்டியாரோ நடக்க இயலாதவர். மீனவர் இருவர் கொணர்ந்த ரப்பர் மிதவையில் அவரைக் கிடத்தி, இருபுறமும் பற்றித் தள்ளிச் சென்றோம்.

"எவ்வழி மேடு, தம்பி?" என்று மீனவர் வினவினர். அவ்வூரிலேயே பிறந்த நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் நோக்கினோம். மூவருக்கு ஒன்றும் நினைவில்லை. ஒருவன் மட்டும், "முச்சந்தி வேண்டாம்; அங்கே தடியை இருமுறை தட்டினார்" என்றான். சுற்றிச் சென்று மேட்டு வீதியிற் கரையேறினோம். திரும்பி நோக்கியபோது, முச்சந்தியில் நின்ற மோட்டார் வண்டியின் கூரை மாத்திரமே தெரிந்தது.

ஏரி எங்கே என்று நாங்கள் பின்னர் எவரையும் வினவியதில்லை.