சோபனாவுக்கு ஒரு ஓட்டு

ஆகஸ்ட் 16, 2024, வெள்ளி

பி ஷிப்ட் முடிந்து லாக்கரிலிருந்து போனை எடுத்த பிறகுதான் தெரிந்தது, 'திருச்சிற்றம்பலம்' படத்தின் சோபனா வேடத்துக்காக நித்யா மேனனுக்குத் தேசிய விருது. குஜராத்தி நடிகை மானசி பரேக்கோடு பகிர்ந்துகொள்கிறார். ஒரகடம் தாண்டுவதற்குள் கம்பெனி பஸ்ஸில் சண்டையே வந்துவிட்டது. 'கார்கி'க்காக சாய் பல்லவிக்குத்தான் கொடுத்திருக்க வேண்டுமாம். என் ஓட்டு சோபனாவுக்கு.

ஆகஸ்ட் 17, சனி

வல்லம் வடகாலில் பெண் தொழிலாளர் விடுதியை இன்று முதல்வர் திறந்துவைத்தார். 18,720 பேர் தங்கலாம், செலவு 706.50 கோடி ரூபாய். ரூமில் நாள் முழுக்க அதே பேச்சு. அத்தனை கட்டிலில், காதலைச் சொல்லாத எத்தனை சோபனா படுக்கப்போகிறாளோ!

எங்கள் ரூமிலேயே ஒருத்தி உண்டு. செய்யாறு அக்கா. லைனில் அடுத்த ஸ்டேஷன் பையன், குவாலிட்டியில் இருக்கும் பெண்ணுக்கு அனுப்ப வேண்டிய மெசேஜை இவளிடம் காட்டித் திருத்தி வாங்கிக்கொள்கிறான். "இவ்வளவு ஹார்ட் போடாதடா, பயந்துடுவா" என்று அக்கா இரண்டை அழிப்பாள்.

சொல்லாத காதல் என்றாலே நமக்கு ஆண் முகம்தான். முரளி நடித்த கதிரின் 'இதயம்' வந்தது 1991இல். வாய் திறக்காத பையனை இன்றும் இதயம் முரளி என்றுதான் ஓட்டுகிறோம். வாய் திறக்காத பெண்ணுக்கு அப்படி ஒரு பட்டப்பெயர்கூடக் கிடையாது; அடக்கமான பொண்ணு என்று விட்டுவிடுவார்கள். சோபனா அடக்கமும் இல்லை. கூடவே சுற்றுகிறாள், திட்டுகிறாள், தன் நண்பன், படத்தின் நாயகன் 'பழத்தின்' காதல் பஞ்சாயத்துகளுக்கெல்லாம் யோசனை சொல்கிறாள். அவள் மனதைப் படம் நமக்கும் நேராகச் சொல்வதில்லை. முதல் தடவை பார்க்கும்போது நாமும் பழம் மாதிரியே சிரித்துவிட்டுப் போகிறோம். தெரிந்துகொண்டு இன்னொரு தடவை பார்த்தால் அதே கிண்டலைக் கேட்க முடியவில்லை. வசனத்தில் ஒரு எழுத்து மாறவில்லை. நித்யா மேனன் விருது வாங்கியது அங்கேதான்.

தாத்தாவாக வரும் பாரதிராஜா எடுத்துச் சொன்ன பிறகுதான் அவள் பழத்தின் கண்ணிலேயே படுகிறாள். அப்படிப்பட்டவனுக்கு அவளைக் கொடுத்திருக்கவே கூடாது என்பது என் கட்சி.

ஆகஸ்ட் 18, ஞாயிறு

படம் வெளியாகி இன்றோடு இரண்டு வருஷம். வார லீவு. ஒரே போனில் நாலு பேரும் பார்த்தோம். கனடாவில் ஜோடி சேர்ந்ததும் இரண்டு பேர் விசில். அக்கா மட்டும் யூனிபார்மை மடித்துக்கொண்டே சொன்னாள்:

"இவ கனடா வரைக்கும் போனா, தேடிக்கிட்டு வந்துட்டான். கான்ட்ராக்ட் முடிஞ்சா நான் செய்யாறுதான் போவேன். காஞ்சிபுரத்துல ஒரு பஸ் மாறினா போதும். வருவானா, கேளு."