உருமியும் உலக மேடையும்

பழைய மாணவர் சங்கத்தார் விழா மலருக்கு ஒரு கட்டுரை வேண்டுமென எமக்கு எழுதியபோது, கீரிமலைத் தீர்த்தத்தின் மகிமையையோ நகுலேசுவரப் பெருமானின் தல வரலாற்றையோ யாம் எழுதுவோமென அவர்கள் எதிர்பார்த்திருத்தல் கூடும். அவற்றை எழுதத் தக்கார் பலர் நம்மிடையே உளர். யாம் எடுத்துக்கொண்ட பொருள் ஆங்கிலநாட்டு வாத்தியக் குழு ஒன்றும், அதன் நிழலிலிருந்து எழுந்த யாழ்ப்பாணத்துப் பெண்ணொருவரும் ஆகும். பொருள் புதிதெனினும், அது நமது ஊருக்கும் கலாசாலைக்கும் அந்நியமானதன்று என்பதை இதனைப் படிப்போர் உணர்வர்.

1990ஆம் ஆண்டுப் போரின்போது கீரிமலையை விட்டு நாம் பெயர்ந்தோம். அன்று சிதறியவர்களின் மக்கள் இன்று இலண்டனிலும் ரொறன்ரோவிலும் சிட்னியிலும் வளர்கின்றனர். ஆடி அமாவாசைக்குப் பிதிர்க்கடன் கழிக்கப் பெற்றோருடன் வரும் அப்பிள்ளைகள், கேணியருகே நின்று தம் கைப்பேசியில் பாட்டுக் கேட்பதுண்டு. சில ஆண்டுகளுக்கு முன் அவ்வாறு நின்ற ஓர் இளைஞன், “அப்பு, இதைக் கேளுங்கோ, இவ எங்கட ஆள்” என்று எம் காதில் ஒரு பாட்டை வைத்தான். ‘எங்கட ஆள்’ என்ற அச்சொல்லே எம்மை இந்த ஆராய்ச்சியிற் புகுத்திற்று.

1990களில் இலண்டனில் எலாஸ்டிக்கா என்றொரு குழு இருந்தது. பெரும் இசைக் கம்பனிகளின் போக்குக்கு அடங்காது, சுருக்கமான பாட்டும் கூரிய கித்தார் ஒலியுமாய்த் தமக்கென ஒரு வழி வகுத்தோருள் அவர்களும் ஒருவர். ஜஸ்ரின் பிறிஷ்மன் என்னும் பெண்மணி அதன் தலைவி. 1995இல் வெளிவந்த அவர்களது முதல் இசைத்தட்டு பிரித்தானியாவில் முதலிடம் பெற்றது. இரண்டாவது வெளிவர ஐந்து ஆண்டுகள் சென்றன. 2001இல் குழுவே கலைந்தது. அதன் தலைவி பின்னர் அமெரிக்கா சென்று ஓவியரானார். 2000இல் வெளிவந்த அவ்விரண்டாம் தட்டின் உறையை ஆக்கியவரும், குழுவின் அமெரிக்கப் பயணத்தைப் படம்பிடித்தவரும் மாதங்கி அருட்பிரகாசம் என்னும் இளம் பெண்ணே. எம். ஐ. ஏ. என உலகம் பின்னர் அறிந்தது அவரைத்தான்.

அவர் 1975இல் இலண்டனிற் பிறந்து, ஆறு மாதக் குழந்தையாய் யாழ்ப்பாணம் கொண்டுவரப்பட்டார். தந்தையார் ஈழப் புரட்சி அமைப்பைத் தோற்றுவித்தோருள் ஒருவர்; அருளர் எனப்பட்டவர். தாயார் கலா, பிள்ளைகளைத் தனித்துக் காத்து, 1986இல் இலண்டனுக்கு அகதியாய்ச் சென்று, தையல் வேலை செய்து அவர்களை வளர்த்தார். மாதங்கி அங்கே சென் மார்ட்டின்ஸ் கலைக் கல்லூரியிற் பயின்று 2000இல் வெளியேறினார். அவர் ஆதியிற் கற்றது பாட்டன்று, ஓவியமும் திரைப்படமுமே. எலாஸ்டிக்காவின் பயணத்திலேதான் றோலண்ட் கம்பனியின் எம். சி. 505 என்னும் தாளக்கருவி அவருக்கு அறிமுகமாயிற்று. பிறிஷ்மனிடம் அக்கருவியை இரவல் வாங்கித் தம் அறையிலிருந்தே பாட்டமைத்தார். அவரது முதற் பாட்டு 500 தட்டுக்களே அச்சிடப்பட்டு வெளிவந்தது. 2005இல் தந்தையின் பெயரால் ‘அருளர்’, 2007இல் தாயின் பெயரால் ‘கலா’ என இரு தொகுதிகள் வந்தன. உறைச் சித்திரம், உடை, நிகழ்படம், பாட்டு யாவும் ஒரு மனத்தினின்றே பிறந்தன.

நிகழ்ந்தவற்றுள் எம்மைப் பெரிதும் சிந்திக்கவைத்தது ‘கலா’ உருவான வரலாறாகும். அத்தொகுதிக்காக அவர் தமிழ்நாடு சென்று உருமி மேளக்காரரைக் கொண்டு ஒலிப்பதிவு செய்தார். உருமி, பறை முதலிய தோற்கருவிகளை முழக்கியோரை நம் சமுதாயம் எங்கே நிறுத்தியது? சாவீட்டு முற்றத்தில் நிறுத்தியது. கோயில் வீதிக்கு வெளியே நிறுத்தியது. கீரிமலைக்கு அயலிலுள்ள மாவிட்டபுரத்திலே, ஆலயக் கதவு அனைவர்க்கும் திறக்கவேண்டுமென 1968இல் நடந்த போராட்டம் நம் தலைமுறையினர்க்கு மறக்கற்பாலதன்று. அன்று வாசலுக்குப் புறத்தே நின்ற ஒலிக்கு இனமான ஒலி, இன்று நியூயோர்க்கிலும் தோக்கியோவிலும் இளைஞரை ஆடவைக்கின்றது. இச்செய்தியை நமது கலாசாலை மண்டபத்திற் சொல்லத் தயங்குவோமாயின், நாம் கற்ற சமயமும் தமிழும் நமக்கு என் செய்தன?

2009ஆம் ஆண்டு பெப்ரவரியில், வன்னியிற் போர் உச்சத்திலிருந்தபோது, அவர் நிறைமாதக் கர்ப்பிணியாய் கிராமி விருது மேடையிற் பாடினார். அதே மாதம், ஏ. ஆர். இரகுமானுடன் அவர் இணைந்தமைத்த பாட்டொன்று ஒஸ்கார் போட்டியிலும் இருந்தது. தமக்குக் கிடைத்த ஒலிவாங்கிகளை அவர் வன்னி மக்களின் துயரைச் சொல்லவும் பயன்படுத்தினார். புலியுருவையும் தாங்கியையும் சித்திரமாக்கியமை வன்முறையைப் போற்றுவதாகும் எனக் குற்றஞ்சாட்டினோர் உளர். பயங்கரவாதத்தைத் தாம் ஆதரிக்கவில்லை என அவர் மறுத்தார். அவர் சொன்ன யாவும் எமக்கு உடன்பாடென்று கொள்ளற்க. அவரது பாட்டு எம் முதிய செவிக்கு இரைச்சலாகவும் படுவதுண்டு. ஆயினும், தன் வீட்டார் பட்டதை மறைத்துப் புகழ் தேடாதவர் என்பதை மறுத்தல் நீதியன்று. 2019இல் பிரித்தானிய அரசின் பட்டம் கிடைத்தபோது, அத்தகைய பதக்கங்களைத் தம் தாயார் பல்லாண்டு கையால் தைத்தவர் என்பதையே அவர் எடுத்துரைத்தார்.

பல கலைகளை ஒன்றாக்குவது மேனாட்டார் கண்ட புதுமை என்பாரும் உளர். நகுலேசுவரத்துத் திருவிழாவை அறிந்தவர் அதனை ஒப்பார். நாதசுரமும் தவிலும், சாத்துப்படியும் சோடனையும், தீவர்த்தியும் வாணமும் ஒரே இரவில் ஒரே வீதியிற் கூடின. அவற்றுள் எதனைத் தனியே பிரித்து இதுவே கலை என்பது?

இனி எமது வேண்டுகோள் ஒன்று. பழைய மாணவர் பலர் தம் பெற்றோர் நினைவாகக் கலாசாலைக்குப் பரிசில்கள் நிறுவியுள்ளனர். அவை பெரும்பாலும் கணிதத்திற்கும் விஞ்ஞானத்திற்குமே உரியன. வைத்தியரும் பொறியியலாளரும் வேண்டற்பாலரே. ஆயினும் சித்திரம் வரையும் பிள்ளையையும், தோற்கருவி முழக்கும் பிள்ளையையும், கைப்பேசியாற் படம்பிடிக்கும் பிள்ளையையும் மேடையேற்றி ஒரு பரிசில் கொடுக்க யாதொரு தடையுமில்லை. மாதங்கி என்பது கலைகளுக்குரிய தேவியின் நாமம். அந்நாமம் பூண்ட ஒருவர் அகதியாய்ச் சென்று அயல்நாட்டிற் பெற்ற ஊக்கத்தை, நம் பிள்ளைகள் தம் ஊரிலேயே பெறுவாராக. இவ்விழா ஆண்டிலேயே அப்பரிசில் தொடங்குமாயின், எமது பங்கினைச் செலுத்த யாம் ஆயத்தமாயிருக்கின்றோம்.

வாழ்க கலாசாலை, வளர்க அதன் தொண்டு.