சோற்றில் இருந்த கேள்வி

சுஷி என்றதும் நம்மவர்களுள் பலருக்குப் பச்சை மீன்தான் நினைவுக்கு வருகிறது. ஆயினும் அச்சொல் மீனைக் குறிப்பதன்று. 'புளிப்பு' என்னும் பொருளுடைய பழைய ஜப்பானியச் சொல்லிலிருந்து பிறந்தது அது. புளிப்பூட்டிய சோறுதான் சுஷியின் அடிப்படை. மேலே மீன் இருக்கலாம், முட்டை இருக்கலாம், காய்கறியும் இருக்கலாம். ஆகவே ஒரு முஸ்லிம் குடும்பம் சுஷியை அணுகும்போது எழும் முதற்கேள்வி மீனைப் பற்றியதாக இருப்பதில்லை. மீனுக்கு அறுப்பு முறை தேவையில்லை என்பதை நாம் அறிவோம். கேள்வி சோற்றில் இருக்கிறது: அதைப் புளிக்க வைத்தது எது?

சென்ற ஆண்டு இலையுதிர் காலத்தில் நானும் என் மனைவியும் பதினாறு வயது மகளும் ஒன்பது நாள் பயணமாக ஒசாகா சென்றிருந்தோம். அங்கே ஓர் அம்மையார் தம் வீட்டுச் சமையலறையிலேயே, முதன்முறையாகக் கற்போருக்குச் சுஷி செய்யச் சொல்லிக்கொடுக்கிறார் என்று மகள் கண்டறிந்தாள். எழுபதை நெருங்கும் வயது. ஒரு வகுப்புக்கு நான்கு பேர் மட்டுமே. மூன்று மணி நேரம். எங்கள் பயணத்தில் மகள் தானாகத் தேர்ந்தெடுத்தது அது ஒன்றுதான்.

பதிவு செய்வதற்கு முன் அந்த அம்மையாருக்கு மின்னஞ்சல் எழுத உட்கார்ந்தேன். மகளின் முகம் வாடியது.

"வாப்பா, எங்கே போனாலும் நாம் மட்டும்தான் கேள்வி கேட்கிறோம். மற்றவர்கள் எல்லாரும் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். இவரும் 'வேண்டாம், வராதீர்கள்' என்று சொல்லிவிட்டால்?"

அவள் குரலில் இருந்தது சிணுங்கல் அன்று, களைப்பு. மூன்று நாள்களாகக் கடைக்குக் கடை நின்று, கைப்பேசியில் மொழிபெயர்த்துக் காட்டி, கடைக்காரர் பணிவோடு தலைதாழ்த்தி மன்னிப்புக் கேட்க, வெளியேறி நடந்த களைப்பு. பள்ளியிலும் கல்லூரியிலும் நம் பிள்ளைகள் ஒவ்வொரு விருந்திலும் சுமக்கும் களைப்பும் அதுவே.

"சாப்பிட விருப்பம் இல்லாதவர் கேட்கவே மாட்டார், மகளே. அவர் வீட்டில் உட்கார்ந்து உண்ண வேண்டும் என்பதற்காகத்தான் கேட்கிறோம்" என்றேன். அவள் அதை ஏற்றுக்கொண்டதாகத் தெரியவில்லை.

மடலில் நான்கு செய்திகளைக் கேட்டிருந்தேன். முதலாவது, சாக்கே என்னும் அரிசி மது; சிலர் சோறு வேகும்போதே அதில் சிறிது ஊற்றுவதுண்டு. இரண்டாவது, மிரின், இனிப்புச் சுவைக்காகச் சேர்க்கப்படும் இதில் ஏறத்தாழ 14 விழுக்காடு மது உண்டு, சுஷிக்கான முட்டைப் பொரியலில் இது பெரும்பாலும் இடம்பெறும். மூன்றாவது, சோயா சாஸ்; நொதிக்கும்போது அதில் சிறு அளவு மது தானே தோன்றுகிறது, அதற்கு மேல் கெடாமல் இருக்கச் சில நிறுவனங்கள் தனியாகவும் மது சேர்க்கின்றன. நான்காவது, சோற்றில் கலக்கும் வினிகர்.

மறுநாள் காலையில் வந்த விடை என் மடலைவிட நீளமாக இருந்தது. சாக்கேயும் மிரினும் இல்லாமலே செய்யலாம் என்றும், மது சேர்க்காத சோயா சாஸ் ஒரு புட்டி வாங்கிவைப்பதாகவும் எழுதியிருந்தார். பிறகு வினிகருக்கு வந்தார். அரிசியிலிருந்து முதலில் மது உண்டாகிறது. அந்த மதுவே பின்னர் வினிகராக மாறுகிறது. முடிவில் மயக்கும் தன்மை அதில் இல்லை. "ஆனால் அது எங்கிருந்து பிறந்தது என்பதை நீங்கள் அறிந்திருக்க வேண்டும். அது உங்களுக்கு ஆகுமா?" என்று முடித்திருந்தார். எங்கள் மார்க்கத்தைச் சாராத ஒருவர் எங்களுக்காக அவ்வளவு தொலைவு சிந்தித்திருந்தார்.

ஊரிலுள்ள ஆலிம் ஒருவரைத் தொலைபேசியில் அழைத்தேன். அண்ணல் நபி (ஸல்) அவர்கள் வினிகரை நல்லதொரு தொடுகறி எனப் புகழ்ந்திருப்பதை முதலில் நினைவூட்டினார். மது தானாகவே வினிகராக மாறினால் அது தூய்மையானது என்பதில் கருத்து வேறுபாடு இல்லை. வெளியிலிருந்து ஒன்றைச் சேர்த்து மாற்றினால் ஹனஃபி மத்ஹபில் ஆகும். ஷாஃபிஈ மத்ஹபின் பழைய நூல்கள் அதை ஏற்பதில்லை. எனினும் ஷாஃபிஈகளே மிகுதியாக வாழும் மலேசியாவிலும் இந்தோனேசியாவிலும் இன்று வினிகரை ஹலால் என்றே ஏற்கிறார்கள். "ஆகும் என்பதற்கும் வழியுண்டு, மனம் தயங்கினால் விடுவதற்கும் வழியுண்டு" என்றார்.

எங்கள் வீட்டில் இது வெறும் நூற்செய்தி அன்று. நான் பரங்கிப்பேட்டைக்காரன், ஷாஃபிஈ. மனைவியின் ஊர் மேல்விஷாரம்; ஹனஃபி. கணவாயும் நண்டும் சமைக்கும் நாளில் எனக்கு ஒரு சட்டி, அவருக்கு மீன்குழம்பு ஒரு சட்டி என்று இருபது ஆண்டுகளாக அடுப்பு எரிகிறது. இப்போது நிலைமை திரும்பியது. வினிகர் அவருக்கு ஆகும், எனக்குத் தயக்கம். சுஷி மீது வைக்கும் கணவாய் எனக்கு ஆகும், அவருக்கு ஆகாது. "ஒரு தட்டுச் சோற்றுக்கு இரண்டு மத்ஹபா!" என்று மகள் சிரித்தாள். அந்தப் பயணத்தில் அதைப் பற்றி அவள் சிரித்தது அதுவே முதல் முறை.

இதையும் மறைக்காமல் அம்மையாருக்கு எழுதினோம். இம்முறை விடை மிகச் சுருக்கமாக வந்தது: "என் தாயாரின் ஊர் கோச்சி. அங்கே வினிகர் தேவையில்லை. வாருங்கள்."

நம் கேரளத்துக் கொச்சி அன்று. ஷிகோகு தீவிலுள்ள கோச்சி மாகாணம். மலைகள் நிறைந்த அப்பகுதியில் யூசு என்னும் எலுமிச்சை இனக் கனி செழித்து விளைகிறது. அங்குள்ள சிற்றூர்களில் வினிகருக்கு மாற்றாக யூசுச் சாற்றையே சோற்றில் கலந்து சுஷி செய்வது வழக்கம். மேலே வைப்பவையும் மலைப்பொருள்களே: மூங்கில் குருத்து, காளான், மியோகா என்னும் இஞ்சி இனத்து மொட்டு. நாட்டுப்புறச் சுஷி என்றே அதற்குப் பெயர்.

வகுப்பு நாளில் மேசை மீது ஒரு கூடை நிறைய மஞ்சள் நிறக் கனிகள் இருந்தன. முதலில் அரிசி. குட்டையான, ஒட்டும் தன்மையுள்ள ஜப்பானிய அரிசியை நீர் தெளியும் வரை அலசி, அரை மணி நேரம் ஊறவைத்து, வழக்கத்தைவிடச் சற்றுக் குறைந்த நீரில் வேகவைத்தோம். வெந்த சோற்றை அகன்ற மரத்தொட்டியில் கொட்டி, யூசுச் சாறும் சர்க்கரையும் உப்பும் கலந்த நீரை அதன்மேல் பரவலாக ஊற்றினார். பிறகு தட்டை அகப்பையைச் சாய்த்துப் பிடித்துச் சோற்றை வெட்டுவதுபோல் பிரிக்க வேண்டும், பிசைந்தால் குழைந்துவிடும். ஒருவர் பிரிக்க, மற்றவர் விசிறியால் வீச வேண்டும். ஈரம் விரைவில் அகன்றால்தான் சோற்றில் பளபளப்பு வரும்.

என் மனைவியிடம் அகப்பை வந்ததும் அம்மையார் கண்கள் விரிந்தன. ஒரு பருக்கையும் உடையவில்லை. பிரியாணிக்குத் தம் பிரித்து, சீரகச் சம்பாச் சோற்றை ஓரத்திலிருந்து அள்ளிப் பழகிய கை அல்லவா! "எங்கே கற்றீர்கள்?" என்று கேட்டார். "என் உம்மாவிடம்" என்று மனைவி சொல்ல, மகள் மொழிபெயர்த்தாள். "நானும் என் தாயாரிடம்தான்" என்றார் அவர்.

சோறு கைச்சூட்டுக்கு ஆறியதும், விரல்களை நனைத்துக்கொண்டு, சிறு எலுமிச்சை அளவு சோற்றை எடுத்து மெல்ல உருட்டினோம். இறுக்கினால் கல்லாகிவிடும், தளர்ந்தால் உதிர்ந்துவிடும். மகளின் முதல் ஐந்தாறு உருண்டைகள் உதிர்ந்தன. உதிர்ந்ததை அம்மையார் வீசவில்லை. ஒரு கிண்ணத்தில் சேர்த்துவைத்து, கடைசியில் நோரி என்னும் கடற்பாசித் தாளில் சுருட்டிக் கொடுத்தார். தட்டில் ஒரு பருக்கையையும் மீதம் வைக்கக் கூடாது என்று நம் வீடுகளில் சொல்வதைப் போலவே அவருக்கும் சொல்லி வளர்த்திருக்கிறார்கள்.

வேலைக்கு இடையே சுஷியின் கதையையும் சொன்னார். தொடக்கத்தில் அது மீனைக் காப்பதற்கான முறை. உப்பிட்ட மீனைச் சோற்றுக்குள் அடைத்து மாதக்கணக்கில் வைப்பார்கள். சோறு புளித்து மீனைக் கெடாமல் காக்கும். பிறகு சோற்றை நீக்கிவிட்டு மீனை மட்டும் உண்பார்கள். பிவா ஏரிக்கரையில் இன்றும் அவ்வாறு செய்கிறார்கள். காத்திருக்கப் பொறுமையற்ற பிற்காலத்தவர் வினிகரைக் கலந்து உடனடிப் புளிப்பைக் கண்டனர். இன்று உலகமெங்கும் அறியப்படும், கையால் பிடிக்கும் சுஷி 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எதோ நகரத்தில், அதாவது இன்றைய டோக்கியோவில், தெருக்கடை உணவாகப் பரவியது. ஒசாகாவின் சொந்த முறை மரப்பெட்டியில் அழுத்திச் செய்வது. அவற்றுள் ஒன்றான 'பத்தேரா' என்பது படகைக் குறிக்கும் போர்த்துக்கீசியச் சொல்லிலிருந்து வந்த பெயராம். போர்த்துக்கீசியர் 'போர்ட்டோ நோவோ' என்று பெயரிட்ட ஊரில் பிறந்தவன் நான் என்றதும் அவர் கைதட்டி மகிழ்ந்தார்.

உண்ணும் முன் அவர் கைகூப்பி, பணிவோடு பெற்றுக்கொள்கிறேன் என்னும் பொருள்படும் 'இத்தடாகிமாஸ்' என்ற சொல்லைச் சொன்னார். நாங்கள் பிஸ்மில்லாஹ் சொன்னோம். பொருள் என்னவென்று கேட்டார்; மகளே விளக்கினாள். குச்சிகளை எடுக்கப் போனவளைத் தடுத்து, "சுஷியைக் கையால் உண்பதே பழைய முறை" என்றார். மூன்று விரல்களால் எடுத்து, எங்கள் வீட்டில் உண்பதுபோலவே உண்டோம். மூங்கில் குருத்தும் காளானும் வைத்த சுஷியில் மனைவிக்கும் தடையில்லை, எனக்கும் தயக்கமில்லை. ஒரே தட்டு.

விடைபெறும்போது அம்மையார் சொன்னதை மகள் எனக்கு மெல்ல மொழிபெயர்த்தாள். வெளிநாட்டிலிருந்து வருவோர் கடைகளில் காணும் சுஷியையே எதிர்பார்ப்பதால், தாயாரின் ஊர்ச் சுஷியை அவர் இதுவரை எவருக்கும் கற்பித்ததில்லையாம். "நீங்கள் கேட்டதால்தான் அது என் நினைவுக்கு வந்தது" என்றாராம்.

அந்த வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குக் கோபே பள்ளிவாசலுக்குச் சென்றோம். 1935இல் திறக்கப்பட்ட அதுவே ஜப்பானின் முதல் பள்ளிவாசல். 1945இன் குண்டுவீச்சையும் 1995இன் நிலநடுக்கத்தையும் தாங்கி நிற்கிறது. அதை எழுப்பப் பொருள் தந்தோருள் இந்திய வணிகர்களும் இருந்தனர். கைப்பேசியும் மொழிபெயர்ப்பும் சான்றிதழும் இல்லாத அந்நாளில், அவர்களும் ஒவ்வொரு கடையிலும் நின்று இதே கேள்வியைக் கேட்டிருப்பார்கள் அல்லவா என்றாள் மகள். திரும்பும் வழியில் சோற்றுருண்டை வாங்க ஒரு கடைக்குள் நுழைந்தோம். நான் கைப்பேசியை எடுப்பதற்குள், "இதில் மிரின் உண்டா?" என்று அவளே கேட்டாள். உண்டு என்றார் கடைக்காரர். நன்றி சொல்லி, தலைதாழ்த்தி, வேறொன்றை எடுத்தாள்.

குடும்பத்தோடு ஜப்பான் செல்வோருக்கு என் சிறு அறிவுரை இதுதான். வகுப்பானாலும் விருந்தானாலும் சில நாள்களுக்கு முன்பே எழுதிக் கேளுங்கள். வந்து நின்று கேட்டால் மாற்றுவதற்கு அவர்களுக்கு நேரம் இருக்காது. 'ஹலால்' என்ற ஒரு சொல்லோடு நிறுத்தாமல் சாக்கே, மிரின், வினிகர், சோயா சாஸ், பன்றிக் கொழுப்பு எனப் பொருள்களின் பெயரைச் சொல்லுங்கள். உங்களுக்கு எது ஆகும் என்பதையும் சேர்த்து எழுதுங்கள். ஆகாதவற்றின் பட்டியலைவிட அதுவே சமைப்பவருக்கு உதவும். எழுதும் பொறுப்பை, முடிந்தால், பிள்ளைகளிடமே கொடுங்கள்.