ஓர் இறந்தகாலப் பிழை

புதுவை நகரில் பங்குப்பணி ஏற்றபோது நமக்கு வயது ஐம்பதைக் கடந்திருந்தது. குருமடத்தில் இலத்தீன் பயின்றோமேயன்றிப் பிரெஞ்சு பயின்றோமில்லை. இங்கோ பழைய ஞானஸ்நானப் பதிவேடுகள் பிரெஞ்சு மொழியில் இருந்தன. 1954 நவம்பர் முதல் நாள் இந்நகரின் ஆட்சி கைமாறிற்று. 1962 ஆகஸ்டு 16இல் அது சட்டப்படியும் நிறைவேறிற்று. அப்பொழுது பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்துகொண்ட குடும்பங்களின் பேரப்பிள்ளைகள், பாட்டன் பாட்டியின் பதிவுகளைக் கேட்டு இன்றும் நமக்கு எழுதுகிறார்கள். ஆகவே, ஓய்வுபெற்ற பிரெஞ்சு ஆசிரியர் ஒருவரிடம் மாலைதோறும் மாணவராய் அமர்ந்தோம்.

நிகழ்காலம் எளிதாகவே வந்தது. எதிர்காலமும் அவ்வாறே. நம்மை வழுக்கிவிட்டது இறந்தகாலந்தான். பெரும்பாலும் 'வந்தார்' என்று சொல்லி அமையும் நமக்கு, அவர்கள் பேச்சில் இரண்டு இறந்தகாலங்களும், நூல்களில் மூன்றாவதாக ஒன்றும் எதிர்ப்பட்டன. "மூன்றாவதைப் படித்தால் புரிந்துகொள்ளுங்கள் சாமி, எழுத வேண்டாம்" என்று ஆசிரியர் அதை ஒதுக்கிவிட்டார். நடந்து முடிந்த ஒரு செயலுக்குப் 'பஸ்ஸே கொம்போஸே'. நடந்துகொண்டிருந்ததற்கும் வழக்கமாய் நடந்துவந்ததற்கும் 'எம்பர்ஃபே'. முன்னதில் 'அவ்வார்' என்னும் உடைமை வினையைத் துணையாகச் சேர்க்கவேண்டும். ஆயினும் பிறத்தல், இறத்தல், வருதல், போதல் போன்ற சிலவற்றிற்கு 'ஏத்ர்' என்னும் இருத்தல் வினையே துணை. பிறப்பும் இறப்பும் பதிவேட்டில் நாம் நாளும் காண்பவை. இவ்விதி மட்டும் விரைவில் பழகிற்று!

நம் பங்கில் படுக்கையாய்க் கிடந்த மூதாட்டி ஒருவருக்கு முதல் வெள்ளிதோறும் நற்கருணை கொண்டு செல்வோம். சென்றபோதெல்லாம், "சாமி, பேத்தி கடுதாசி போட்டாளா?" என்று கேட்பார். பேத்தி பிரான்சிலேயே பிறந்து வளர்ந்தவள், தமிழ் அறியாள். பாட்டி இறந்தபின் அவளுக்கு நாமே பிரெஞ்சில் ஆறுதல் கடிதம் எழுதினோம். ஆசிரியரிடம் அதைக் காட்டவில்லை. கற்றுவிட்டோம் என்ற சிறு செருக்கு. 'பாட்டி உன்னைப்பற்றி விசாரித்தார்' என்னும் கருத்தில் 'எல் அ தெமாந்தே' என்று தொடங்கி எழுதி அனுப்பினோம்.

மறுமொழி வந்தது. நன்றி கூறியபின், பாட்டி தன்னை விசாரித்தது எந்த நாளில் என்று அப்பெண் கேட்டிருந்தாள். இறப்பதற்கு முன்தினமா? ஒரு முறையேனும் கேட்டாரே, அதுவே தனக்குப் போதும் என்றும் எழுதியிருந்தாள்.

நெஞ்சு திடுக்கிட்டது. கடிதத்தையும் நம் நகலையும் ஆசிரியரிடம் கொண்டுபோனோம். அவர் பென்சிலால் அந்த 'அ'வை அடித்து, சொல்லின் ஈற்றெழுத்துகளை மாற்றினார். 'எல் தெமாந்தே' என்றாயிற்று. நம் செவிக்கு இரண்டு 'தெமாந்தே'யும் ஒன்றுபோலவே ஒலிக்கின்றன, பொருளோ வேறு. முன்னது ஒருநாள் கேட்டார் என்பது. பின்னது கேட்டுக்கொண்டேயிருந்தார் என்பது.

"சாமி, இதையே என்னிடம் தமிழில் எப்படிச் சொல்வீர்கள்?" என்றார் ஆசிரியர்.

"போகும்போதெல்லாம் பேத்தியைக் கேட்பார் என்போம்."

"பார்த்தீர்களா, 'கேட்டார்' என்று சொல்லவில்லையே!"

உண்மைதான். மறைந்துபோன நம் தாயாரைப்பற்றிப் பேசுகையிலும், 'விடியுமுன் எழுவார், கோயிலுக்குப் போவார்' என்றே சொல்கிறோம். கடந்துபோன வழக்கத்திற்கு எதிர்கால வடிவத்தைக் கொடுக்கிறது நம் மொழி. தமிழ் கற்க வந்த ஐரோப்பியக் குருக்கள் இவ்விடத்தில் எத்தனை முறை தடுக்கி விழுந்தார்களோ! நாமோ கையிலிருந்த திறவுகோலை அறியாமல் கதவைத் தட்டிக்கொண்டிருந்தோம்.

அன்றிரவே இரண்டாம் கடிதம் எழுதினோம். 'ஒவ்வொரு முறையும்' என்ற சொற்களையும் சேர்த்தோம். அதற்கு வந்த பதிலில் கேள்விகளே நிறைந்திருந்தன. பாட்டி காலையில் என்ன செய்வார்? எந்தப் பாட்டைப் பாடுவார்? மீன் குழம்பு வைப்பாரா? யாரோடு சண்டையிடுவார்? எல்லாம் எம்பர்ஃபேயில் இருந்தன. பலவற்றிற்கு நம்மிடம் விடையில்லை. அண்டை வீட்டு அம்மாளிடம் கேட்டறிந்து நான்கு பக்கம் எழுதினோம். இம்முறை ஆசிரியர் பார்த்த பிறகே தபாலில் சேர்த்தோம். இரண்டு பிழைகள் இருந்தன.