மா டாங் சியோக்கின் கை

கொரிய நடிகர் என்றாலே ஒல்லி உடம்பு, வழுவழு முகம் என்று பழகிய கண்ணுக்கு மா டாங் சியோக் வேற மாதிரி. லாரி ஓட்டும் பெரியப்பா போல இருப்பார். ஓங்கி ஒரு குத்து, ஆள் காலி.

1971-இல் பிறந்தவர். பதின்ம வயதின் இறுதியில் அமெரிக்காவின் ஒஹாயோவுக்குப் போய், உடற்பயிற்சியாளரானார். மார்க் கோல்மன் போன்ற சண்டை வீரர்களுக்குப் பயிற்சி கொடுத்திருக்கிறார். பிறகு கொரியா திரும்பி, பல வருஷம் சின்னச் சின்ன வேடங்கள். 2016-இல் 'ட்ரெயின் டு பூசான்' வந்தபோது வயசு நாற்பதைத் தாண்டிவிட்டது. அதில் கர்ப்பிணி மனைவி தப்பிப்பதற்காக, கடிபட்ட கையோடு ரயில் கதவைப் பிடித்துக்கொண்டு நிற்பார். எனக்கு அவரைப் பிடித்துப்போனது அந்த இடத்தில்தான். அடிக்கிற கை இல்லை, தாங்குகிற கை.

அடுத்த வருஷம் 'தி அவுட்லாஸ்'. சோல் நகரின் கரிபோங் வட்டாரத்தில் நடந்த உண்மையான போலீஸ் நடவடிக்கையிலிருந்து எடுத்த கதை. அதன் தொடர்ச்சியாக 2022, 2023, 2024-இல் வந்த மூன்று படங்களுக்கும் கொரியாவில் தலா 10 மில்லியனுக்கும் மேல் டிக்கெட் விற்றது.

இந்த வரிசையில் ஒரு பிரபலமான நகைச்சுவை உண்டு: 'உண்மை அறை'. பிடிபட்டவன் வாயைத் திறக்கவில்லையா? தலையில் ஹெல்மெட்டை மாட்டி அடிப்பார்கள். கொரியர்கள் அதை ஜோக்காகவே சொல்லிக்கொள்கிறார்கள். எனக்கும் சிரிப்பு வரும், பாதியிலேயே நின்றும்விடும். லாக்கப் மரணச் செய்திகளைப் படித்தே வளர்ந்த மலேசியத் தமிழன் நான். அந்த அறைக்கு இங்கே வேறு அர்த்தம்.

இன்னொன்றும் உறுத்தும். கரிபோங், சீனாவிலிருந்து பிழைக்க வந்த கொரிய வம்சாவளியினர் நிறைய பேர் வாழ்ந்த இடம். முதல் படத்தின் வில்லன் அவர்களில் ஒருவன். அவனிடம் அடிவாங்கித் தவிக்கும் சாதாரணக் கடைக்காரர்களையும் படம் காட்டுகிறது, மறுக்கவில்லை. ஆனால் வெளியே வரும்போது யார் முகம் மனசில் நிற்கிறது? கத்தி பிடித்தவன் முகம்தான். 'கேங்ஸ்டர்' என்றதும் நம்மவன் முகத்தை நினைக்கும் ஊரில் இருப்பவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

மா டாங் சியோக் குத்தும்போது ஒரு நிம்மதி வருவது நிஜம். கெட்டவன் யார் என்பதில் அந்தக் கைக்குக் குழப்பமே கிடையாது, தப்பான ஆள்மேல் விழவே விழாது. அதனால்தான் அது சினிமா. அடுத்த பாகம் வந்தாலும் முதல் வாரமே போய்ப் பார்ப்பேன். ஹெல்மெட்டை எடுக்கும்போது மட்டும், உள்ளே இருப்பவன் யார் என்று பார்த்துக்கொண்டிருப்பேன்.